அத்தியாயம் 7: நோயுற்றவரைப் பார்த்துக்கொள்ளும் பிள்ளை

வீட்டு வேலையில் கை கொடுக்காமல் வளர்ந்த பிள்ளை தமிழ்நாட்டில் அரிது. குழாயடியில் தண்ணீர் பிடித்து வைப்பதும், தம்பியைப் பால்வாடியில் விட்டு வருவதும், பாட்டிக்கு வெற்றிலை இடித்துக் கொடுப்பதும், ரேசன் கடை வரிசையில் நிற்பதும் பிள்ளை வளர்ப்பின் பகுதிகளாகவே இங்கு கருதப்பட்டு வந்துள்ளன. அவற்றில் குறை காண்பது இந்த அத்தியாயத்தின் நோக்கம் அன்று. பக்கவாதத்தால் படுக்கையில் விழுந்த தந்தை, மனநோய்க்கு ஆளான தாய், மூளை வளர்ச்சி குன்றிய தங்கை, நினைவு தடுமாறும் பாட்டி ஆகியோரில் ஒருவரை அன்றாடம் கவனித்துக்கொள்ளும் பொறுப்பு, வளர்ந்த ஒருவரிடம் இருக்க வேண்டியதாக இருந்தும், 18 வயது நிரம்பாத பிள்ளையின் மீது வந்து அமர்ந்துவிடும் நிலைமையே இங்கு ஆராயப்படுகிறது. அத்தகைய பிள்ளையை இந்நூல் ‘இளம் பராமரிப்பாளர்’ என்று குறிப்பிடுகிறது.

இப்பிள்ளைகளைத் தனிப் பிரிவினராகக் கண்டு ஆராயும் முயற்சி பிரிட்டனில்தான் முதலில் வலுப்பெற்றது. ஜோ ஆல்ட்ரிட்ஜ், சால் பெக்கர் ஆகிய இருவரும் நாட்டிங்ஹாம் நகரில் பிள்ளைகளிடமே நேரில் கேட்டறிந்து 1993இல் வெளியிட்ட ஆய்வு, அதுவரை நோயாளியை மட்டுமே கண்டுவந்த மருத்துவர்களையும் சமூகப் பணியாளர்களையும் அந்நோயாளியின் கட்டிலருகில் நின்ற பிள்ளையின் பக்கம் திரும்ப வைத்தது. இங்கிலாந்தில் 2014ஆம் ஆண்டின் சட்டங்களுக்குப் பின், ஒரு பிள்ளை வீட்டில் பராமரிப்புச் செய்வது தெரியவந்தால் அதன் தேவைகளை மதிப்பிட்டு அறிவது உள்ளாட்சி அமைப்பின் கடமையாகிவிட்டது. இந்தியச் சட்டங்களில் இப்படியொரு பிரிவு இதுவரை இல்லை. எனினும் நாட்டின் கணக்கெடுப்பு இவர்களை முற்றிலும் அறியாதது அன்று. 2019இல் நடத்தப்பட்ட தேசிய நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பு, அதாவது மக்கள் ஒரு நாளின் 24 மணி நேரத்தை எவ்வெவ்வற்றில் செலவிடுகின்றனர் என்று கேட்டுப் பதிந்த கணக்கெடுப்பு, 6 வயது முதற்கொண்டே எல்லோரையும் கணக்கில் எடுத்துக்கொண்டது. குடும்பத்தினரைக் கவனிக்கும் ஊதியமற்ற பணியில் ஈடுபட்ட பெண்பாலர் நாளொன்றுக்குச் சராசரியாக 134 நிமிடங்களையும் ஆண்பாலர் 76 நிமிடங்களையும் அதற்கெனச் செலவிட்டதாக அது பதிவு செய்தது. பெண்பிள்ளையின் தோளில் இச்சுமை எவ்வளவு இயல்பாக ஏற்றப்படுகிறது என்பதற்கு அந்த இடைவெளியே போதிய அறிகுறி.

சட்டத்தில் பெயர் இல்லாத காரணத்தால் இப்பிள்ளை வேறு பெயர்களில்தான் வெளியே அறியப்படுகிறது. பள்ளிப் பதிவேட்டில் அடிக்கடி விடுப்பு எடுக்கும் மாணவியாகவும், ஆசிரியர் பார்வையில் வகுப்பில் தூங்கி வழியும் மாணவனாகவும், உறவினர் வாயில் ‘பொறுப்பான பொண்ணு’ என்றும் அது குறிக்கப்படுகிறது. இவற்றில் கடைசியாகச் சொன்ன பாராட்டே மிகுந்த கவனத்துக்கு உரியது. ஏனெனில் பாராட்டப்படும் பிள்ளை தன் களைப்பை வாய்விட்டுச் சொல்வதற்கான வழி அப்பாராட்டினாலேயே அடைபட்டுவிடுகிறது.

உதவியும் பொறுப்பும்

எந்த அளவு வரை பிள்ளையின் உழைப்பு இயல்பானது, எந்த இடத்தில் அது தீங்காக மாறுகிறது என்ற கேள்விக்கு மணிக்கணக்கில் விடை தேடுவோர் உண்டு. மணிக்கணக்கு பயனுடையதே ஆயினும் முதன்மையானது அன்று. தாய்க்குச் சோறு ஊட்டும் வேலையைப் பன்னிரண்டு வயதுப் பெண் நாள்தோறும் செய்தாலும், அன்று என்ன சமைப்பது, தாய் உண்ண மறுத்தால் என்ன செய்வது, எடை குறைந்தால் யாரிடம் காட்டுவது என்பனவற்றை அத்தை ஒருவர் கருத்தில் வைத்திருப்பாராயின் அப்பெண் செய்வது உதவி. அதே வேலையை வாரத்துக்கு இருமுறையே செய்யினும், மாத்திரை தீர்ந்துபோவதை முன்கூட்டிக் கவனிப்பதும், அரசு மருத்துவமனையின் அடுத்த தேதியை நினைவில் வைப்பதும், இரவில் மூச்சு இரைத்தால் யாரை எழுப்புவது என்று தீர்மானிப்பதும் அப்பெண்ணின் தலையில் விழுமாயின் அது பொறுப்பு. வேலையைப் பிள்ளை செய்யலாம். தவறு நேர்ந்தால் அதற்குப் பதில் சொல்ல வேண்டியவராக ஒரு பெரியவர் இருந்தாக வேண்டும். இவ்வத்தியாயத்தின் எல்லா ஆலோசனைகளும் இந்த ஒரு வேறுபாட்டிலிருந்தே பிறக்கின்றன.

ஒரு வீட்டில் நிலைமை எந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறது என்பதை அறிய எளிய வழி ஒன்று உண்டு. பிள்ளை ஒரு வாரம் பள்ளிச் சுற்றுலாவுக்கோ சித்தி வீட்டுக்கோ செல்வதாகக் கொண்டு, அந்த வாரத்தில் நோயாளியின் ஒவ்வொரு தேவையையும் யார் பார்ப்பார் என்று குடும்பத்தாரிடம் பெயர் கேட்க வேண்டும். ‘பார்த்துக்கலாம்’ என்ற விடை வருமிடத்தில் எல்லாம் உண்மையான பொறுப்பாளர் அந்தப் பிள்ளையே என்று கொள்ளலாம்.

பிள்ளை பெற்றோரின் இடத்தில் அமர்ந்து பெற்றோரைத் தாங்கும் இத்தலைகீழ் நிலையைக் குடும்ப உளவியலார் ‘பெற்றோர்நிலை ஏற்றல்’ என்னும் பொருள்படும் பெயரால் வழங்குகின்றனர். இவான் பொசோர்மெனி நாகியும் ஜெரால்டின் ஸ்பார்க்கும் 1973இல் எழுதிய நூலிலிருந்து இக்கருத்து பரவலாயிற்று. இதில் இரு வகைகள் பிரித்தறியப்படுகின்றன. சமைத்தல், துவைத்தல், மருந்து கொடுத்தல், தம்பி தங்கையரைக் குளிப்பாட்டுதல் போன்ற செயல்களை ஏற்பது செயல்வழி ஏற்றல். தாயின் அழுகையைத் தேற்றுவது, தந்தை குடித்துவிட்டு வரும் இரவில் வீட்டில் சண்டை மூளாதபடி பேச்சை மாற்றுவது, கடன்காரரைப் பற்றிய கவலையைக் கேட்டுக்கொள்ளும் துணையாக இருப்பது போன்றவை உணர்வுவழி ஏற்றல். முதல் வகை கண்ணுக்குத் தெரியும்; இரண்டாம் வகையில் பிள்ளை ஒன்றுமே செய்யாமல் சும்மா உட்கார்ந்திருப்பதுபோலத் தோன்றும். ஆனால் களைப்பு உறங்கினால் தீரும். வீட்டு அமைதியைக் காக்கும் காவல் உறக்கத்திலும் ஓயாது. ஆகவே, உடல் வேலை மிகுந்த வீட்டைவிட, குடியும் மனநோயும் உள்ள வீட்டின் பிள்ளையை இன்னும் கூர்ந்து கவனிக்க வேண்டியுள்ளது.

எல்லாப் பராமரிப்பும் பிள்ளையைச் சிதைத்துவிடும் என்று கொள்வதும் பிழை. தன் உழைப்பு குடும்பத்தாரால் அறியப்படுவதாகவும், காலவரை உடையதாகவும், வயதுக்கு ஏற்றதாகவும், பெரியவரின் துணையோடு நடப்பதாகவும் இருக்கும்போது பிள்ளை அதிலிருந்து தன்னம்பிக்கையும் பிறர் வலியை உணரும் பண்பும் பெறுவதை ஆய்வாளர்கள் ஒப்புகின்றனர். அந்த நான்கில் ஒவ்வொன்றாகக் குறையக் குறையவே தீங்கு வளர்கிறது.

கண்டறிதல்

இளம் பராமரிப்பாளர் தாமாக முன்வந்து சொல்வது மிக அரிது. தன் வீட்டில் நடப்பது எல்லா வீடுகளிலும் நடப்பதே என்று பல பிள்ளைகள் நம்புகின்றனர், சொன்னால் தன்னை விடுதிக்கோ இல்லத்துக்கோ அனுப்பிவிடுவர், அம்மாவை மருத்துவமனையில் அடைத்துவிடுவர் என்று சில பிள்ளைகள் அஞ்சுகின்றனர், காசநோய், எச்.ஐ.வி., மனநோய், குடி ஆகியவை உள்ள வீடுகளில் ‘வெளியில் சொல்லாதே’ என்ற கட்டளை முன்பே இடப்பட்டிருக்கும். ஆண்பிள்ளைகளிடம் இன்னொரு தயக்கமும் சேர்கிறது. தாய்க்குப் பெட்பான் வைப்பதையும் தங்கைக்குத் தலைவாரிப் பின்னுவதையும் வகுப்புத் தோழர்கள் அறிந்தால் கேலி செய்வர் என்று அவர்கள் மறைத்துவிடுவதால், பெண்பிள்ளைகளைவிட அவர்களை அறிவது கடினமாகிறது.

வகுப்பாசிரியருக்குத் தெரியக்கூடிய அறிகுறிகள் சில உள. திங்கட்கிழமையிலோ மாதத்தின் ஒரு குறிப்பிட்ட தேதியிலோ தவறாமல் விடுப்பு விழுவது மருத்துவமனைச் சீட்டின் தேதியோடு பொருந்தியிருக்கக்கூடும். காலை முதல் பாடவேளையில் மட்டும் தாமதம், மாலைச் சிறப்பு வகுப்புக்கு ஒருபோதும் நிற்காமை, வீட்டுப்பாடம் முடிக்காமை, பெற்றோர் கூட்டத்துக்கு எவரும் வராமை, சிறு காயத்துக்கும் அழாத முதிர்ச்சி, பிற பிள்ளைகளைத் தாயைப் போல அதட்டுவது ஆகியவை தனித்தனியாகப் பொருளற்றவை; ஒரே பிள்ளையிடம் மூன்று நான்கு சேர்ந்து காணப்பட்டால் வீட்டுச் சூழலை விசாரிப்பது கடமையாகிறது.

விசாரிக்கும் முறையில்தான் பலரும் தவறுகின்றனர். ‘உன் வீட்டில் என்ன பிரச்சினை?’ என்ற கேள்வி பிள்ளையைத் தன் பெற்றோருக்கு எதிரான சாட்சியாக நிறுத்துவதால், ‘ஒன்றுமில்லை சார்’ என்ற விடையே வரும். அதற்கு மாறாக, ‘காலையில் எழுந்ததிலிருந்து பள்ளி மணி அடிக்கும்வரை என்னென்ன செய்தாய், சொல்லு’ என்று கேட்டால் பிள்ளை இயல்பாகச் சொல்லத் தொடங்கும். கேட்பவர் வியப்போ இரக்கமோ காட்டாமல் கேட்பது இன்றியமையாதது. ‘ஐயோ பாவம்’ என்ற ஒரு சொல் அப்பேச்சை அங்கேயே நிறுத்திவிடும். கேட்டதை வேறு எவரிடம் சொல்லப் போகிறார் என்பதைப் பிள்ளையிடம் முன்பே தெரிவித்துவிட வேண்டும். அடி, பாலியல் தீங்கு, உயிர் ஆபத்து ஆகியவற்றை மறைக்க இயலாது என்பதையும் அப்போதே சொல்லிவிடுவது நேர்மை.

வேலைகளைப் பிரித்துப் பார்த்தல்

நிலைமை தெரிந்த பின் குடும்பத்தார் செய்ய வேண்டிய முதல் காரியம், நோயாளிக்காக ஒரு நாளில் நடக்கும் எல்லா வேலைகளையும் காலை நான்கு மணியிலிருந்து மறுநாள் காலை நான்கு மணிவரை ஒரு நோட்டில் எழுதுவது. இரவு வேலைகளைக் கட்டாயம் எழுத வேண்டும். பகலில் பிள்ளை பள்ளியில் இருப்பதால் பெரியவர்களே பார்ப்பதாக எண்ணும் பல வீடுகளில், நோயாளியின் அருகில் இரவு படுப்பது யார், கழிப்பறைக்குக் கைத்தாங்கலாக அழைத்துப் போவது யார் என்று எழுதும்போதுதான் பிள்ளையின் பெயர் வெளிப்படும். வளரும் பருவத்தில் 6 முதல் 12 வயதுவரை 9 மணி நேரத்துக்குக் குறையாத உறக்கமும், அதற்குமேல் 18 வயதுவரை 8 மணி நேரத்துக்குக் குறையாத உறக்கமும் தேவை என்பதை மனத்தில் வைத்துப் பார்த்தால், பிள்ளையிடமிருந்து முதலில் எடுக்க வேண்டியது இரவுக் காவலே என்பது விளங்கும்.

எழுதிய வேலைகளை அவற்றின் தன்மையால் பிரிக்க வேண்டும். நோயாளிக்குப் பேச்சுத்துணையாக இருத்தல், செய்தித்தாள் வாசித்துக் காட்டுதல், தண்ணீரும் உணவும் எடுத்துக் கொடுத்தல், மருத்துவர் சொன்ன எளிய கைப்பயிற்சியைக் கூட இருந்து எண்ணிச் செய்வித்தல், துணி மடித்தல் போன்றவற்றைப் பத்து வயதைக் கடந்த பிள்ளை தயக்கமின்றிச் செய்யலாம். படுக்கையிலிருந்து நாற்காலிக்கு மாற்றுதல், குளிப்பாட்டுதல், புண்ணுக்கு மருந்திடும்போது உதவுதல் ஆகியவற்றில் பெரியவர் ஒருவர் முன்னின்று செய்ய, பிள்ளை பக்கத்துணையாக மட்டும் இருக்கலாம். படுத்த படுக்கையாக இருப்பவரைப் படுக்கைப் புண் வராதபடி பொதுவாக இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை புரட்டிப் படுக்க வைக்கச் சொல்வர். இதை ஒரு பிள்ளை தனியாகச் செய்தால் வளரும் முதுகெலும்புக்கும் இடுப்புக்கும் கேடு. நோயாளியின் தோள் முதல் தொடைவரை வரும்படி மடித்த போர்வையை அடியில் விரித்து, இருபுறமும் இருவர் பிடித்து இழுத்துத் திருப்பும் முறையைக் கிராமச் சுகாதாரச் செவிலியரிடமோ பிசியோதெரபிஸ்ட்டிடமோ வீட்டுப் பெரியவர்கள் கற்றுக்கொள்ள வேண்டும்.

பிள்ளையிடம் ஒருபோதும் விடக்கூடாத வேலைகளும் உள. எதிர்பாலினப் பெற்றோரின் அந்தரங்கச் சுத்தம் இருவருடைய மானத்தையும் காயப்படுத்துவது. தந்தை வாய் திறந்து சொல்லாவிட்டாலும் மகளின் கையால் அது செய்யப்படுவதில் அவர் படும் வேதனை பெரிது. சிறுநீர்க் குழாய் மாற்றுதல், மூக்கு வழி உணவுக் குழாயில் பால் செலுத்துதல், வலிக்கான மார்பின் மாத்திரையின் அளவைத் தீர்மானித்தல் ஆகியவை பயிற்சி பெற்ற பெரியவரின் வேலைகள். தற்கொலை எண்ணம் உள்ள ஒருவருக்குக் காவலாகப் பிள்ளையை இருத்துவது எக்காரணத்தாலும் ஏற்கத்தக்கது அன்று. தவிர்க்க முடியாதது நேர்ந்துவிடுமாயின் அக்குற்ற உணர்ச்சியைப் பிள்ளை வாழ்நாள் முழுதும் சுமக்கும்.

இன்சுலின் ஊசி பற்றி மட்டும் தனித்துச் சொல்ல வேண்டியுள்ளது; தாய்க்கோ பாட்டிக்கோ ஊசி போடும் பள்ளிப் பிள்ளைகள் நகரங்களிலும் கிராமங்களிலும் இன்று காணப்படுகின்றனர். பதின்ம வயதுப் பிள்ளை முறையாகக் கற்றுக்கொண்டால் ஊசியைச் சரியாகவே போடும். ஆபத்து ஊசியில் இல்லை, அளவில் உள்ளது. நோயாளி அன்று சரியாகச் சாப்பிடவில்லை என்றால் என்ன செய்வது என்ற முடிவைப் பிள்ளை எடுக்கக்கூடாது. எத்தனை யூனிட் என்பதை ஒரு பெரியவர் ஒவ்வொரு முறையும் பார்த்துச் சொல்ல வேண்டும், அவர் வேலைக்குப் போன இடத்திலிருந்து தொலைபேசியில் சொன்னாலும் போதும். மேலே சொன்ன உதவி, பொறுப்பு என்ற பிரிவு நடைமுறையில் எப்படி அமையும் என்பதற்கு இதுவே தெளிவான எடுத்துக்காட்டு.

பிரித்து முடித்தபின் ஒவ்வொரு வேலைக்கு எதிரிலும் ஒரு பெரியவரின் பெயர் எழுதப்பட வேண்டும். வீட்டில் பெரியவர் எவரும் இல்லாவிட்டால் வெளியூரில் உள்ள மாமாவின் பெயரையும் எழுதலாம். மாத்திரை வாங்கப் பணம் அனுப்புவதும், மருத்துவமனைத் தேதியை நினைவூட்டுவதும், வாரத்தில் ஒரு நாள் வந்து தங்குவதும் தொலைவில் இருப்பவரால் செய்யக்கூடியவை. தாய் வீட்டு வேலைக்காக வளைகுடா நாட்டுக்குச் சென்றுவிட, மூத்த பெண்ணே தம்பி தங்கையருக்குத் தாயாகிவிடும் இலங்கைத் தமிழ்க் குடும்பங்களுக்கும் இது பொருந்தும். உறவினர் பலர் ‘ஏதாவது வேணும்னா சொல்லு’ என்று சொல்லிச் செல்கின்றனர். அது பிள்ளையிடம் மேலும் ஒரு வேலையை, அதாவது கேட்கும் வேலையை, சுமத்துவதாகும். ‘ஞாயிற்றுக்கிழமை நான் வந்து இருக்கிறேன், நீ விளையாடப் போ’ என்று சொல்லும் அத்தையே உதவி செய்தவர் ஆவார்.

இங்கு ஓர் எச்சரிக்கை தேவை. பிள்ளை சுமந்துவந்த வேலைகள் அனைத்தையும் ஒரே நாளில் பிடுங்கிக்கொள்வது நன்மை பயப்பதில்லை. இரண்டு ஆண்டுகள் தாயைப் பார்த்துக்கொண்ட பெண்ணிடம் ‘இனி நீ ஒன்றும் செய்ய வேண்டாம்’ என்றால், அது விடுதலையாக அன்றி, தன் பணி போதவில்லை என்ற தீர்ப்பாகவே அவள் காதில் விழும். எந்த வேலையை விட விருப்பம், எதைத் தன்னிடமே வைத்துக்கொள்ள விருப்பம் என்று பிள்ளையிடமே கேட்டு, இரவுக் காவலையும் பளு தூக்குவதையும் முதலில் மாற்றி, மற்றவற்றைப் படிப்படியாகக் குறைப்பதே முறை.

நோயைப் பற்றிச் சொல்லுதல்

பிள்ளை பயப்படும் என்று கருதி நோயின் பெயரைக்கூட மறைக்கும் வழக்கம் நம் குடும்பங்களில் வேரூன்றியுள்ளது. அன்றாடம் நோயாளியின் அருகில் இருக்கும் பிள்ளை நோயை ஏற்கெனவே கண்டுகொண்டிருக்கிறது. அதற்குக் கிடைக்காதது விளக்கம் மட்டுமே. விளக்கம் கிடைக்காத இடத்தைப் பிள்ளை தன் கற்பனையால் நிரப்பிக்கொள்ளும், அக்கற்பனையில் பெரும்பாலும் குற்றவாளி அதுவேயாக இருக்கும். தான் அடம்பிடித்ததால்தான் அம்மாவுக்கு மனநோய் வந்தது என்று எண்ணிக்கொண்டு ஆண்டுக்கணக்கில் வாய் திறவாதிருக்கும் பிள்ளைகள் உண்டு. நோயின் பெயர், அது யாராலும் வரவழைக்கப்பட்டது அன்று என்பது, தொற்றுமா தொற்றாதா என்பது, இனி என்ன நடக்கக்கூடும் என்பது ஆகிய நான்கையும் வயதுக்கேற்ற சொற்களில் சொல்லிவிட வேண்டும். காசநோயாயின் வீட்டிலுள்ள பிள்ளைக்கும் பரிசோதனையும் தேவையானால் தடுப்பு மருந்தும் அரசு மருத்துவமனையில் இலவசம் என்பதால், மறைப்பது பிள்ளையின் உடலுக்கே கேடு.

அவசர நிலையில் செய்ய வேண்டியதை ஒரு தாளில் பெரிய எழுத்தில் எழுதிச் சுவரில் ஒட்டுவது நல்லது. வலிப்பு வந்தால் ஒருக்களித்துப் படுக்க வைக்க வேண்டும், வாயில் எதையும் திணிக்கக்கூடாது, கையில் இரும்புச் சாவியைக் கொடுப்பதால் பயன் இல்லை, ஐந்து நிமிடத்தைத் தாண்டினால் 108ஐ அழைக்க வேண்டும். சர்க்கரை குறைந்து வியர்த்து நடுங்கினால், நினைவோடு இருப்பவருக்கு மட்டும் மூன்று தேக்கரண்டி சர்க்கரையைத் தண்ணீரில் கலந்து கொடுக்க வேண்டும். நினைவிழந்தவர் வாயில் எதையும் ஊற்றக்கூடாது. ஒருபக்க முகம் கோணுதல், கை தளர்தல், பேச்சுக் குழறுதல் ஆகியவற்றில் ஒன்று தோன்றினாலும் தாமதிக்காமல் 108. அத்தாளின் கடைசி வரியில், ‘முதலில் அழைக்க வேண்டிய பெரியவர்’ என்று ஒரு பெயரும் எண்ணும் இருக்க வேண்டும்.

நோயாளியின் இடம்

பராமரிப்பைப் பற்றிய பேச்சில் நோயுற்ற பெற்றோர் வெறும் சுமையாகக் கருதப்பட்டுவிடும் ஆபத்து உண்டு. படுக்கையில் இருப்பவரும் தந்தையே. பேச இயலும் தந்தை மதிப்பெண் அட்டையில் கையெழுத்திடவும், எழுத இயலாவிட்டால் கைநாட்டு வைக்கவும், எந்த நேரத்துக்குள் வீடு திரும்ப வேண்டும் என்று விதிக்கவும், தவறு செய்தால் கண்டிக்கவும் வேண்டும். உடல் தளர்ந்தாலும் பெற்றோரின் அதிகாரம் அவரிடம் இருந்துகொண்டிருந்தால் பிள்ளை பிள்ளையாகவே இருக்கும். அந்த இடம் வெறுமையாகும்போதே பிள்ளை அதில் ஏறி அமர நேர்கிறது. உறவினர்கள் நோயாளியைத் தாண்டிப் பிள்ளையிடம் வீட்டு நிலவரம் கேட்பதும், மருத்துவர்கள் தாய் எதிரில் இருக்கும்போதே பதினான்கு வயது மகனிடம் நோயின் நிலையை விளக்குவதும் இக்காரணத்தால் தவிர்க்கத்தக்கவை. காது கேளாத, வாய் பேசாத பெற்றோருக்காகப் பிள்ளை சைகை மொழிபெயர்ப்பாளராக இருக்கும் குடும்பங்களில், நோயின் முடிவையோ கடன் பாக்கியையோ பிள்ளையின் வாய்வழியாகப் பெற்றோருக்குச் சொல்லவைப்பது கொடுமை என்றே கூற வேண்டும்.

பள்ளியும் அரசும்

பள்ளி இப்பிள்ளைக்குச் செய்யக்கூடிய பேருதவி, அதைப் பள்ளியில் இருக்கச் செய்வதே. இருபது நிமிடத் தாமதத்துக்காக வாயிலில் நிறுத்தப்படும் பிள்ளை அன்று வீடு திரும்பிவிடும், சில நாளில் வருவதையே நிறுத்திவிடும். தலைமையாசிரியர் அறிய ஒரு தாமத அனுமதி, வீட்டுப்பாடத்தை இடைவேளையில் பள்ளியிலேயே முடிக்க இடம், நோயாளியின் நிலை அறிய மதிய வேளையில் ஒருமுறை அலுவலகத் தொலைபேசியில் பேச அனுமதி ஆகிய மூன்றும் செலவில்லாதவை. தமிழ்நாட்டில் 2022 செப்டம்பரில் மதுரையில் தொடங்கப்பட்ட முதலமைச்சரின் காலை உணவுத் திட்டத்தால், தொடக்கப் பள்ளியில் படிக்கும் தம்பி தங்கையருக்குக் காலையில் சமைத்துவிட்டு வரும் வேலை மூத்த பிள்ளைக்குக் குறைந்திருக்கிறது. அங்கன்வாடியில் சேர்க்கப்படாத சிறு குழந்தை வீட்டில் இருந்தால் அதைச் சேர்த்துவிடுவதும் அதே பயனைத் தரும். குழந்தைத் தொழிலாளர் சட்டத்தின் 2016ஆம் ஆண்டுத் திருத்தம் பள்ளி நேரத்துக்குப் பின்னும் விடுமுறையிலும் மட்டுமே பிள்ளை குடும்பத்துக்கு உதவுவதை அனுமதிக்கிறது என்பதைப் பெற்றோரிடம் எடுத்துச் சொல்லலாம். மிரட்டலாக அன்று, பள்ளி நேரம் பிள்ளைக்கு உரியது என்பதை உணர்த்துவதற்காக.

பராமரிப்பின் சுமையைக் குறைக்கும் அரசுத் திட்டங்கள் பெரும்பாலும் நோயாளியின் பெயரிலேயே இருப்பதால், பிள்ளைக்கான உதவி நோயாளியின் வழியாகவே தொடங்க வேண்டும். 2021 ஆகஸ்டில் தொடங்கிய ‘மக்களைத் தேடி மருத்துவம்’ திட்டத்தில் இரத்த அழுத்தம், சர்க்கரை நோய் ஆகியவற்றுக்கான மாத்திரைகளும், பிசியோதெரபியும், முற்றிய நோயாளிகளுக்கான வலி தணிப்புப் பராமரிப்பும் வீட்டுக்கே வருகின்றன; இதில் பதிந்துவிட்டால் மாத்திரைக்காகப் பிள்ளை விடுப்பு எடுக்கும் நிலை நீங்கும். கடும் உடல் ஊனம், அறிவுசார் குறைபாடு, தசைச் சிதைவு போன்றவை உள்ளோருக்கு மாநில அரசு மாதம் 2,000 ரூபாய் பராமரிப்பு உதவித்தொகை வழங்குகிறது. மாவட்ட மாற்றுத்திறனாளிகள் நல அலுவலகத்தில் இதற்கு விண்ணப்பிக்க வேண்டும். மனநோய்க்கு மாவட்ட மனநலத் திட்டத்தின் மருத்துவர்கள் அரசு மருத்துவமனைகளில் உள்ளனர். 14416 என்ற இலவச எண்ணில் பிள்ளையே கூடப் பேசி ஆலோசனை பெறலாம்.

பிள்ளையின் பெயரிலேயே கிடைக்கும் உதவி, ஒன்றிய அரசின் ‘மிஷன் வாத்சல்யா’ திட்டத்தின் நிதி ஆதரவு ஆகும். பெற்றோர் உயிர்கொல்லும் நோய்க்கு ஆளானவராகவோ, பிள்ளையைப் பராமரிக்க இயலாதவராகவோ, தாய் கைம்பெண்ணாகவோ கைவிடப்பட்டவராகவோ இருந்து, குடும்ப ஆண்டு வருமானம் கிராமப்புறத்தில் 72,000 ரூபாய்க்கும் பிற இடங்களில் 96,000 ரூபாய்க்கும் மிகாதிருந்தால், பிள்ளை தன் வீட்டிலேயே இருந்து படிப்பதற்காக மாதம் 4,000 ரூபாய் வழங்கப்படும். மாவட்டக் குழந்தைகள் பாதுகாப்பு அலகில் இதற்கு விண்ணப்பம் அளிக்க வேண்டும். 1098 என்ற எண்ணில் அழைத்தும் வழி அறியலாம். பிள்ளையை வீட்டிலிருந்து பிரிப்பதற்காக அன்றி, வீட்டிலேயே வைத்துக் காப்பதற்காகவே இத்தொகை தரப்படுகிறது என்பதை அஞ்சும் குடும்பத்துக்குத் தெளிவாக விளக்க வேண்டும். விண்ணப்பம் எழுதுவது, சான்றிதழ்கள் சேர்ப்பது, அலுவலகம் சென்று வருவது ஆகியவை மற்றொரு பராமரிப்பு வேலையாகிப் பிள்ளையின் மீதே விழாதபடி ஆசிரியரோ, சுய உதவிக் குழுவைச் சேர்ந்த பெண் ஒருவரோ உடன் செல்வது அவசியம்.

பராமரிப்பு முடியும்போது

நோயாளி குணமடைந்தாலோ இறந்துவிட்டாலோ பிள்ளையின் பணி முடிந்துவிட்டது என்று எல்லோரும் கருதும் வேளையில்தான் பிள்ளைக்குத் துணை மிகவும் தேவைப்படுகிறது. இறப்பில் அது தன் தாயை மட்டும் இழப்பதில்லை. நாளின் ஒவ்வொரு மணியையும் நிரப்பியிருந்த வேலையையும், வீட்டில் தனக்கு இருந்த மதிப்பையும் சேர்த்தே இழக்கிறது. கடைசி நாளில் தான் தூங்கிவிட்டதால்தான் உயிர் போயிற்று, தண்ணீர் கொடுக்கத் தாமதித்ததால்தான் போயிற்று என்ற எண்ணம் பிள்ளை மனத்தில் எழாதிருப்பது அரிது. மருத்துவர் அல்லது செவிலியர் ஒருவர் அப்பிள்ளையை நேரில் அழைத்து, நோயின் போக்கு இன்னது, எவர் விழித்திருந்தாலும் இதுவே நிகழ்ந்திருக்கும் என்று சொல்வது உறவினர் நூறு பேரின் ஆறுதலைவிட வலியது. பதினாறாம் நாள் காரியம் முடிந்து உறவினர் கலைந்த பிறகும், குறைந்தது ஓராண்டுக்கு ஒரு பெரியவர் அப்பிள்ளையை வாரந்தோறும் பார்த்துவர வேண்டும்.

பராமரிப்பின் நடுவே படிப்பு நின்றுபோயிருந்தால் அதைத் தொடர வழி உண்டு. 2009ஆம் ஆண்டின் கட்டாயக் கல்வி உரிமைச் சட்டத்தின் 4ஆம் பிரிவு, இடையில் நின்ற பிள்ளையை அதன் வயதுக்குரிய வகுப்பிலேயே சேர்த்து, விடுபட்ட பாடங்களுக்குச் சிறப்புப் பயிற்சி அளிக்க வேண்டும் என்கிறது. 14 வயதைக் கடந்த பின்னும் எட்டாம் வகுப்பை முடிக்கும்வரை இலவசமாகப் படிக்கும் உரிமையும் அதில் அடங்கும். மாற்றுச் சான்றிதழ் வரத் தாமதமாவதைக் காட்டி அதே சட்டத்தின்படி சேர்க்கையை மறுக்க இயலாது. எட்டாம் வகுப்பைக் கடந்தவர் பத்தாம் வகுப்புத் தேர்வைத் தனித்தேர்வராக எழுதலாம். இவ்வுரிமைகளைப் பிள்ளை தானே தேடி அறிந்து கேட்கும் என்று காத்திராமல், படிப்பு நின்ற பிள்ளையை அருகிலுள்ள அரசுப் பள்ளித் தலைமையாசிரியரிடம் அழைத்துச் செல்லும் கடமையை இதைப் படிக்கும் பெரியவர்கள் ஏற்க வேண்டும்.